அரக்கு நிறத் தொப்பியும் பலிதான் சின்னமும்: இந்திய ராணுவத்தின் பாரா சிறப்புப் படை

2019 ஜூன் 5 அன்று சவுத்தாம்ப்டனில் தென்னாப்பிரிக்காவுக்கு எதிரான உலகக் கோப்பை ஆட்டம். விக்கெட் காத்துக்கொண்டிருந்த தோனியின் கையுறையில் சிறகு முளைத்த கத்தி ஒன்று தெரிந்தது, பாரா சிறப்புப் படையின் 'பலிதான்' சின்னத்தைப் போல. விதிப்படி அனுமதியில்லாத சின்னம், எடுத்துவிடுங்கள் என்றது ஐ.சி.சி. அப்போது கிரிக்கெட் வாரியத்தின் நிர்வாகக் குழுத் தலைவராக இருந்த விநோத் ராய் முன்வைத்த வாதங்களில் ஒன்று, கையுறையில் இருந்ததில் 'பலிதான்' என்ற சொல்லே இல்லை என்பது. ஐ.சி.சி. மசியவில்லை. நம் ஊர் தொலைக்காட்சிகளில் அன்றிரவு நடந்த விவாதத்தில் பாராசூட் ரெஜிமென்ட், பாரா கமாண்டோ, பிளாக் கேட், பிராந்திய ராணுவம் எல்லாம் ஒன்றாகக் கலந்து சாம்பார் ஆனது.

குழப்பத்துக்கு நியாயமான காரணம் உண்டு. அமெரிக்காவில் தொப்பியின் நிறத்தைப் பார்த்தாலே ஆளைச் சொல்லிவிடலாம். பச்சை என்றால் சிறப்புப் படை, மணல் நிறம் என்றால் ரேஞ்சர், அரக்குச் சிவப்பு என்றால் விமானத்திலிருந்து குதிக்கும் படைப்பிரிவு. பிரிட்டனில் எஸ்ஏஎஸ் என்ற சிறப்புப் படையின் வீரருக்குத் தனியாக மணல் நிறத் தொப்பி இருக்கிறது. இந்தியாவில் அப்படிப் பிரிக்கவில்லை. சாதாரண பாராசூட் வீரர், சிறப்புப் படை வீரர் இருவரும் ஒரே ரெஜிமென்ட்டைச் சேர்ந்தவர்கள். இருவர் தலையிலும் ஒரே அரக்கு நிறத் தொப்பி. வித்தியாசம் மார்பிலும் தோளிலும்தான் இருக்கிறது. எங்கே பார்க்க வேண்டும் என்று தெரியாதவருக்கு இருவரும் ஒருவரே.

அந்த நிறம் வந்த வழி

1941 அக்டோபரில் டெல்லியில் 50-ஆவது பாராசூட் பிரிகேட் உருவானது. அதில் மூன்று பட்டாலியன்கள்: 151 பிரிட்டிஷ், 152 இந்தியன், 153 கூர்க்கா. அதே மாதம் கராச்சியில் நடந்த முதல் பயிற்சிக் குதிப்பில் வானிலிருந்து பாராசூட்டில் இறங்கிய முதல் இந்தியர்கள் இருவர். ஒருவர் ஹவில்தார் மேஜர் மதுரா சிங். இன்னொருவர் 152-ஆவது பட்டாலியனின் மருத்துவ அதிகாரி லெப்டினன்ட் ஏ.ஜி. ரங்கராஜ்.

முதல் இருவரில் ஒருவர் டாக்டர் என்பதைக் கவனிக்க வேண்டும். பாராசூட் படை தரையிறங்கும் இடத்தில் சாலையும் இருக்காது, ஆம்புலன்சும் வராது. அதனால் மருத்துவர், பொறியாளர், சிக்னல்காரர், பீரங்கிக்காரர் என்று எல்லாரும் கூடவே குதித்தாக வேண்டும். பத்தாண்டு கழித்து, கொரியப் போரில் 60-ஆவது பாராசூட் ஃபீல்டு ஆம்புலன்சுக்குத் தலைமை தாங்கியவரும் இதே ரங்கராஜ்தான். 1951 மார்ச் 23 அன்று முன்சானில் அமெரிக்காவின் 187-ஆவது வான்வழிப் படையுடன் இந்திய மருத்துவக் குழுவினர் 12 பேர் குதித்தார்கள். ரங்கராஜுக்கு மகாவீர் சக்ரா கிடைத்தது. அவர்கள் அணிவதும் அரக்கு நிறம்தான். ஆகவே அந்தத் தொப்பி சொல்லும் செய்தி ஒன்றே ஒன்று: இவர் வான்வழிப் படையைச் சேர்ந்தவர், விமானத்திலிருந்து குதிக்கத் தெரிந்தவர். சிறப்புப் படையா, மருத்துவப் பிரிவா என்பது அதில் எழுதியிருக்காது.

நிறம் பிரிட்டனிலிருந்து வந்தது. 1942-இல் ஜெனரல் பிரவுனிங் காலத்தில் அங்கே வான்வழிப் படைக்கு அந்த நிறம் முடிவானது. அங்கிருந்து உலகின் பல பாராசூட் படைகளுக்கும் பரவியது. தொப்பியில் குத்தியிருக்கும் வெள்ளி நிறச் சின்னத்தில் விரிந்த பாராசூட், அதன்மேல் 'பாராசூட் ரெஜிமென்ட்' என்ற எழுத்துகள் கொண்ட வட்டம், இருபுறமும் சிறகு, நடுவே ஒரு கத்தி. இது ரெஜிமென்ட் முழுமைக்கும் பொது. இங்கே கத்தி இருக்கிறதே என்று பார்த்து இதையே பலிதான் சின்னம் என்று எண்ணுவது அடிக்கடி நடக்கும் தவறு.

மார்பில் இருப்பது

பலிதான் சின்னம் தொப்பியில் இருக்காது. சீருடையின் வலது மார்புப் பையில், பெயர்ப்பட்டைக்குக் கீழே இருக்கும். கமாண்டோ கத்தியின் முனை கீழ்நோக்கியிருக்கும். இருபுறமும் சிறகுகள் மேல்நோக்கி விரிந்திருக்கும். குறுக்கே ஓடும் பட்டையில் தேவநாகரி எழுத்தில் 'பலிதான்'. தமிழில் உயிர்த்தியாகம் எனலாம். இதை அணியும் உரிமை பாரா சிறப்புப் படையினருக்கு மட்டுமே. அவர்களுடைய தோளில் 'ஸ்பெஷல் ஃபோர்சஸ்' என்று ஆங்கிலத்தில் எழுதிய வளைந்த பட்டையும் இருக்கும். வலது கையில், முழங்கைக்கு மேலே வெள்ளைப் பாராசூட்டும் வெளிர்நீலச் சிறகும் தைத்த துணிச்சின்னம் இருந்தால் அவர் குதிப்புத் தகுதி பெற்றவர் என்று பொருள். அது பாராசூட் தகுதி மட்டுமே. கத்தியோடு குழப்பிக்கொள்ளக் கூடாது.

ஒரு வீரரின் படத்தைப் பார்த்து அடையாளம் காண வேண்டுமானால் வரிசை இதுதான். முதலில் தொப்பி: அரக்கு நிறமா? ஆம் என்றால் வான்வழிப் படை. அடுத்து கைச்சிறகு: குதிப்புத் தகுதி. கடைசியாக வலது மார்பும் தோள்பட்டையும்: கத்தியும் 'ஸ்பெஷல் ஃபோர்சஸ்' பட்டையும் இருந்தால்தான் சிறப்புப் படை. முதல் இரண்டோடு நின்றுவிட்டுத் தீர்ப்பு சொன்னால் பாதிக்குமேல் தவறாகத்தான் போகும்.

இந்தக் கத்தி ஏன் உலகமெங்கும் சிறப்புப் படைச் சின்னங்களில் திரும்பத் திரும்ப வருகிறது? இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் கமாண்டோக்களுக்காக ஃபேர்பேர்ன், சைக்ஸ் என்ற இருவர் வடிவமைத்த இருபுறமும் கூரான மெல்லிய கத்தி அதன் மூலம். சத்தமில்லாமல் காவலாளியை வீழ்த்த உருவான கருவி. அமெரிக்கச் சிறப்புப் படையின் தோள்சின்னத்திலும் கத்தி உண்டு. அதைக் கடக்கும் மூன்று மின்னல்கள் நிலம், நீர், வான் என்ற மூன்று வழிகளைக் குறிக்கின்றன. எஸ்ஏஎஸ் சின்னத்தில் சிறகு முளைத்த வாள். நம்முடையது அந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததுதான். சின்னத்தைப் பிரித்துப் படித்தால், சிறகு போகும் வழி. கத்தி போய்ச் செய்யும் வேலை.

50-ஆவது பாராசூட் பிரிகேடின் அடையாளம் வேறு. பாதி மனிதன், பாதி சிறகுள்ள குதிரை, கையில் வில். பெயர் சத்ருஜித், எதிரியை வென்றவன். முன்பு பிரிட்டிஷ் வான்வழிப் படையின் பெகாசஸ் குதிரை இருந்த இடத்தில் வந்தது. பிரிகேட் சின்னம் என்பது அந்த ஆள் எந்தப் படையமைப்பில் பணிபுரிகிறார் என்பதைத்தான் காட்டும்.

சிறப்புப் படை ஏன் பாராசூட் ரெஜிமென்ட்டுக்குள் இருக்கிறது

1965 போரின்போது பிரிகேட் ஆஃப் கார்ட்சைச் சேர்ந்த மேஜர் மேக் சிங், மேற்குக் கட்டளைத் தளபதி ஹர்பக்ஷ் சிங்கின் ஒப்புதலோடு பல பிரிவுகளிலிருந்து தன்னார்வலர்களைத் திரட்டி ஒரு சிறு படை அமைத்தார். மேக்தூத் ஃபோர்ஸ் என்று பெயர். எதிரியின் முன்னணிக்குப் பின்னால் போய் வேலை செய்த அந்தக் குழு போர் முடிந்தபின் நிரந்தர வடிவம் பெற்றது. 1966 ஜூலை 1 அன்று குவாலியரில் 9-ஆவது பட்டாலியன் உருவானது. கார்ட்ஸ் பிரிகேடின்கீழ் வைப்பதாகத்தான் முதலில் திட்டம். ஆனால் ஆட்கள் அனைவருக்கும் பாராசூட் தகுதி தேவைப்பட்டதால் பாராசூட் ரெஜிமென்ட்டுக்கு மாற்றினார்கள். ஒரே தொப்பிக்கு இதுதான் காரணம். அன்று வேறு முடிவு எடுத்திருந்தால் இன்று நிறமும் வேறாக இருந்திருக்கும்.

அடுத்த ஆண்டு அதிலிருந்து பிரிந்து 10-ஆவது பட்டாலியன் பிறந்தது. 9 மலைக்கு, 10 பாலைவனத்துக்கு. 10-ஐ பாலைவனத் தேள் என்பார்கள். 1978-இல் ரெஜிமென்ட்டின் 1-ஆவது பட்டாலியனான 1 பாரா, கமாண்டோப் பட்டாலியனாக மாறியது. 1985-இல் மராத்தா லைட் இன்ஃபன்ட்ரியின் 21-ஆவது பட்டாலியனாகத் தொடங்கிய ஒன்று 1996-இல் 21 பாராவானது. 1990-களின் நடுவில் 'கமாண்டோ' என்ற சொல் போய் 'எஸ்எஃப்' (ஸ்பெஷல் ஃபோர்சஸ்) வந்தது. 2000-களில் 2, 3, 4 பாராவும் மாறின.

இதில் தமிழ் வாசகர் கவனிக்க வேண்டிய துணுக்கு ஒன்று. 1 பாராவின் வம்சாவளி தொடங்குவது திருச்சியில். 1761-இல் கிழக்கிந்தியக் கம்பெனி அங்கே திரட்டிய 8-ஆவது கோஸ்ட் சிப்பாய்ப் பட்டாலியன், பின்னர் 7-ஆவது மதராஸ் காலாட்படையாகி, 67-ஆவது பஞ்சாபி ஆகி, 1922-இல் 2-ஆவது பஞ்சாப் ரெஜிமென்ட்டின் முதல் பட்டாலியனாகி, கடைசியில் 1952-இல் பாராசூட் ரெஜிமென்ட் மறுபடி உருவானபோது 1 பாராவாக நின்றது. பெயர் பஞ்சாப், தொடக்கம் காவிரிக்கரை.

யார் யார் இந்தப் பட்டியலில் இல்லை

பிளாக் கேட் என்று அழைக்கப்படும், கறுப்பு உடையில் வரும் என்.எஸ்.ஜி. உள்துறை அமைச்சகத்தின் படை. 1984-இல் தொடங்கியது. அதன் தாக்குதல் பிரிவில் ராணுவத்திலிருந்து வந்தவர்கள் இருப்பார்கள். ஆனால் வேலை நாட்டுக்குள் கடத்தல், பணயக்கைதி, பயங்கரவாதத் தாக்குதல் ஆகியவற்றைச் சமாளிப்பது. மார்கோஸ் கடற்படையுடையது, 1987. கருட் விமானப்படையுடையது, 2004. 1962 போரை ஒட்டி, திபெத்தியர்களைக் கொண்டு சக்ராதாவில் உருவான ஸ்பெஷல் ஃபிரான்டியர் ஃபோர்ஸ் அமைச்சரவைச் செயலகத்தின்கீழ் வருகிறது. கோப்ரா மத்திய ரிசர்வ் போலீசின் காட்டுப்போர்ப் பிரிவு. நம் மாநில அதிரடிப்படை போலீஸ். காஷ்மீரில் பணியாற்றும் ராஷ்ட்ரிய ரைபிள்ஸ் சிறப்புப் படை அல்ல. கிளர்ச்சி ஒடுக்குவதற்கென்றே அமைந்த ராணுவப் பிரிவு. மேஜர் முகுந்த் வரதராஜன் அதன் 44-ஆவது பட்டாலியனில்தான் இருந்தார்.

இன்னொரு நுட்பம். ஒவ்வொரு காலாட்படைப் பட்டாலியனிலும் சுமார் 20 பேர் கொண்ட காதக் பிளட்டூன் இருக்கும். பெலகாவியில் கமாண்டோ பயிற்சி முடித்தவர்கள் அதற்கான கத்திச் சின்னத்தை அணிவார்கள். அதுவும் கத்திதான், ஆனால் சிறகு இல்லை, பலிதான் இல்லை. ராணுவத்தில் 'கமாண்டோ' என்பது ஒரு பயிற்சித் தகுதி. 'சிறப்புப் படை' என்பது ஓர் அமைப்பு. செய்தித்தாள்கள் இரண்டையும் ஒன்றாக எழுதுவதில்தான் பாதிக் குழப்பம் பிறக்கிறது.

உள்ளே வருவது

ராணுவத்தின் எந்தப் பிரிவிலிருந்தும் விருப்பத்தோடு வரலாம். நேரடியாகச் சேர்ந்தவர்களும் உண்டு. அவர்களுக்குத் தொடக்கப் பயிற்சி பெங்களூரில், 1992-இல் ஆக்ராவிலிருந்து இடம்பெயர்ந்த ரெஜிமென்ட் மையத்தில். பிறகு பட்டாலியனில் தகுதிகாண் காலம். சாதாரண பாராசூட் பட்டாலியனில் இது ஒரு மாத அளவு. சிறப்புப் படையில் அதைப் போல மும்மடங்கு. தாங்காதவரைத் தாய்ப் பிரிவுக்கே திருப்பி அனுப்பிவிடுவார்கள். அதில் அவமானம் எதுவுமில்லை. வருகிறவர்களில் பெரும்பாலோர் திரும்பித்தான் போகிறார்கள்.

வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இது உடல் வலிமைப் போட்டி போலத் தெரியும். உண்மையில் ஆளை வெளியேற்றுவது பெரும்பாலும் பாதம். முதுகுச் சுமையோடு நாள்கணக்கில் நடக்கும்போது ஈரக் காலுறை தோலை ஊறவைக்கும், கொப்புளம் உடையும், வலியைத் தவிர்க்க நடையை மாற்றுவார், மாறிய நடை முழங்காலிலோ கணுக்காலிலோ சுளுக்கும். கெண்டைக்கால் எலும்பில் நுண்முறிவு வந்துவிட்டால் மனவுறுதி எவ்வளவு இருந்தாலும் பயனில்லை. நுண்முறிவுக்கு மருந்து ஓய்வு மட்டுமே. தகுதிகாண் காலத்தில் கிடைக்காததும் அதுவே. தேர்ந்த ஆள் காலுறையை மாற்றவும் கால் உலர்த்தவும் தூக்கத்திலிருந்து நிமிடம் திருடுவார்.

அடுத்தது வெப்பம். உடலின் உள்வெப்பம் 40 டிகிரியைத் தாண்டி, பேச்சு குழறினால் அது வெப்பவாதம். முதலில் அங்கேயே உடலைக் குளிர்விக்க வேண்டும். பிறகுதான் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். வரிசை மாறினால் உயிர் போகும். இதற்கு அஞ்சி உப்பில்லாமல் தண்ணீரை மட்டும் வயிறு முட்டக் குடிப்பதும் ஆபத்து: ரத்தத்தில் சோடியம் குறைந்து, அதுவும் ஏறத்தாழ அதே குழப்பத்தில்தான் கொண்டுவிடும்.

தூக்கம் கெட்ட மூளையைச் சோதிப்பது மூன்றாவது. இரவு முழுக்க நடக்கவிட்டு, வழியில் பார்த்தவற்றை எண்ணிக்கையோடு சொல்லச் சொல்வார்கள். பாலத்தில் எத்தனை தூண், வண்டி எந்தப் பக்கம் போனது. வேவு பார்க்கப் போகிறவர் தப்பாகச் சொன்னால் அந்தத் தகவலை நம்பிப் புறப்படும் அடுத்த குழு செத்துப்போகும்.

குதிப்பு

தகுதிகாண் காலம் முடிந்தவர் ஆக்ரா விமானப்படைத் தளத்திலுள்ள பாராசூட் பயிற்சிப் பள்ளிக்குப் போவார். அடிப்படைத் தகுதிக்கு ஐந்து குதிப்புகள், அதில் ஒன்று இரவில். பயிற்சி உயரம் 1,250 அடி. பிராந்திய ராணுவத்தில் கௌரவ லெப்டினன்ட் கர்னலான தோனியும் 2015-இல் இங்கேதான் ஐந்து குதிப்பு முடித்துச் சிறகு வாங்கினார்.

இந்த முறையில் வீரர் எதையும் இழுத்துத் திறப்பதில்லை. பாராசூட்டோடு பிணைந்த நாடாவின் மறுமுனைக் கொக்கியை விமானத்துக்குள் நீளவாக்கில் ஓடும் எஃகுக் கம்பியில் மாட்டுவார். வெளியே விழும் எடையே நாடாவை இழுத்துப் பாராசூட்டை விரிக்கும். கொக்கியைத் தானும் சோதித்து, பின்னால் நிற்பவரும் சோதித்துச் சொல்வது கட்டாயம். வெளியேறியதும் முகவாய் மார்பில் ஒட்ட, முழங்கைகள் விலாவில் அழுந்த, கால்கள் சேர்ந்து, வாய்விட்டு எண்ணுவார். நான்கு வினாடிக்குள் தோளில் இழுப்பு வரவில்லை என்றால் மார்பில் கட்டிய மாற்றுப் பாராசூட். இழுப்பு வந்ததும் முதல் வேலை மேலே பார்ப்பது. கயிறுகள் முறுக்கிக்கொண்டிருந்தால் இரண்டு பட்டைகளையும் பிரித்துப் பிடித்துக் காலை உதைத்து எதிர்ப்பக்கம் சுழல வேண்டும். அதைவிட மோசமானது இன்னொருவரின் விரிப்புக்கு நேர் மேலே வந்துவிடுவது. கீழே இருப்பது காற்றை எடுத்துக்கொள்ளும்; மேலே இருப்பது துவண்டு சரியும்.

இறங்கும் வேகம் வினாடிக்கு 5 முதல் 6 மீட்டர். ஆறடி மதில்மேலிருந்து குதிப்பதற்குச் சமம், முதுகுச் சுமையோடு. அதனால்தான் தரைக்கு முன் பையைக் கயிற்றில் கீழே தொங்கவிடுகிறார்கள். அது முதலில் தரையைத் தொட்டுத் தன் எடையைக் கழித்துக்கொள்ளும். கால்கள் ஒட்டி, முழங்கால் சற்று மடங்கி, முன்பாதம், கெண்டைக்கால், தொடை, இடுப்பு, முதுகின் பக்கவாட்டுத் தசை என்று வரிசையாக உருண்டு விழ வேண்டும். தரையை எட்டிப் பிடிக்கக் காலை நீட்டினவர் கணுக்காலை உடைத்துக்கொள்வார். இருட்டில் இதுதான் அதிகம் நடக்கும். தரை எப்போது வரும் என்று தெரியாததால் கால் தானாக நீளும்.

ஒரு கணக்கு போட்டுப் பார்த்தால் இந்தக் குதிப்பு ஏன் சிறப்புப் படைக்குப் போதாது என்பது விளங்கும். விமானம் மணிக்கு 216 கி.மீ. வேகத்தில் போனால் வினாடிக்கு 60 மீட்டர். ஒரு கதவில் வினாடிக்கு ஒருவராக 20 பேர் இறங்கினால் முதல்வருக்கும் கடைசியானவருக்கும் இடையே 1.14 கி.மீ. இருட்டில், எதிரி நிலத்தில், சத்தமில்லாமல் ஒன்றுசேர்வதற்கே இரவில் பாதி போய்விடும். தவிர, 1,250 அடியில் பறக்கும் சரக்கு விமானத்தின் இரைச்சலுக்கு ஊரே எழுந்துகொள்ளும்.

எனவே உயரத்திலிருந்து குதிக்கிறார்கள். 30,000 அடியில் வெளியேறித் தாழ விழுந்து, தரைக்குச் சில ஆயிரம் அடி இருக்கும்போது விரிப்பது ஒரு வழி. இரண்டு நிமிடத்துக்குச் சற்று மேல் வெறும் வீழ்ச்சி. வெளியேறியவுடனே விரித்து, செலுத்தக்கூடிய செவ்வகப் பாராசூட்டில் மிதந்து போவது இன்னொன்று. காற்று ஒத்துழைத்தால் 30 கி.மீ.க்கு மேல் போகலாம், விமானம் எல்லையைத் தாண்டவே வேண்டாம். இரண்டிலும் முதல் எதிரி ஆக்சிஜன். 25,000 அடியில் அது இல்லாமல் தெளிவாகச் செயல்பட முடிவது மூன்று முதல் ஐந்து நிமிடம். 30,000-இல் ஒன்றிரண்டு நிமிடம். ரத்தத்தில் கரைந்த நைட்ரஜன் குமிழியாகாமல் இருக்க, ஏறுவதற்கு முன்பே குறைந்தது அரை மணி நேரம் தூய ஆக்சிஜன் சுவாசிக்க வேண்டும். நடுவில் முகமூடியைக் கழற்றி நாலு வார்த்தை பேசினால் மணிக்கணக்கு மறுபடி தொடக்கத்திலிருந்து. அந்த உயரத்தில் வெப்பநிலை மைனஸ் 44 டிகிரி. விரல் மரத்தால் கைப்பிடி இழுக்க வராது, கண்ணாடியில் உறைபனி படியும்.

இத்தோடு முடிவதில்லை. கொச்சியில் கடற்படையின் நீர்மூழ்குப் பள்ளி, குல்மார்க்கில் உயர்மலைப் போர்ப் பள்ளி, மிசோரமின் வைரங்தேயில் காட்டுப்போர்ப் பள்ளி, ஹிமாச்சலின் பக்லோவில் சிறப்புப் படைப் பயிற்சிப் பள்ளி. குழு வழக்கமாக ஆறு பேர் அளவில் சிறியது. ஆயுதம், வெடிமருந்து, தகவல்தொடர்பு, மருத்துவம், வழிகண்டறிதல் என்று ஒவ்வொருவருக்கும் ஒரு தொழில். ஒவ்வொருவருக்கும் இரண்டாவதாக இன்னொன்றும் தெரிந்திருக்கும். ஆறில் ஒருவர் விழுந்தால் குழு ஊமையாகவோ குருடாகவோ ஆகிவிடக் கூடாது என்பதற்காக.

எதற்கு, எதற்கு இல்லை

1971 டிசம்பரின் இரண்டு தாக்குதல்களே இன்றும் பாடநூல் உதாரணம். ஜெய்ப்பூர் அரச குடும்பத்தின் லெப்டினன்ட் கர்னல் பவானி சிங் தலைமையில் 10 பாரா கமாண்டோ, இயந்திரத் துப்பாக்கி பொருத்திய ஜோங்கா வண்டிகளில் சிந்துப் பாலைவனத்துக்குள் வெகுதூரம் புகுந்து சாச்ரோவைத் தாக்கியது. மறுமுனையில் 13-ஆம் தேதி இரவு 9 பாரா கமாண்டோ பூஞ்ச் ஆற்றைக் கடந்து, மண்டோலில் இருந்த 122 மி.மீ. பீரங்கித் தொகுதியை வெடிவைத்துத் தகர்த்தது. இரண்டிலும் பொதுவானது: இலக்கு ஒன்றுதான், முன்பே தெரியும், எதிரி எதிர்பாராத திசை, வேலை முடிந்ததும் அங்கே தங்கவில்லை.

இவற்றில் ஒன்று குறைந்தாலும் எப்படியாகும் என்பதற்கு 1987 யாழ்ப்பாணம். அக்டோபர் 11-12 இரவில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகப் பகுதியில் விடுதலைப்புலிகளின் தலைமையைப் பிடிக்க 10 பாரா கமாண்டோவின் சுமார் 100 பேரும், அவர்களுக்குத் துணையாக 13 சீக் லைட் இன்ஃபன்ட்ரியினரும் எம்ஐ-8 ஹெலிகாப்டர்களில் இறங்கினார்கள். இந்தியப் படையின் வானொலிப் பேச்சைப் புலிகள் கேட்டுக்கொண்டிருந்தனர், ஆகவே காத்திருந்தனர். முதல் சுற்றுக்குப் பின் ஹெலிகாப்டர்கள் குண்டடிபட்டன, அடுத்த சுற்றுகள் நின்றுபோயின. இறங்கிய 30 சீக் வீரர்களில் 29 பேர் இறந்தனர், ஒருவர் பிடிபட்டார். கமாண்டோக்களை மீட்க ரயில் தண்டவாளத்தின் வழியாக டாங்கிகள் போக வேண்டியிருந்தது. அதே நாளில் கொக்குவில் பிரம்படியில் பொதுமக்கள் பலர் கொல்லப்பட்டனர். ஈழத்தமிழர் நினைவில் அந்தத் தேதி அதற்காகத்தான் நிற்கிறது.

வீரர்களின் திறமைக் குறைவால் வந்த தோல்வி அல்ல அது. ரகசியம் கசிந்துவிட்ட நிலையில் சிறு படைக்கு இருக்கும் ஒரே பலம் போய்விடுகிறது. கையில் கனரக ஆயுதம் இல்லை, தோட்டா முதுகில் சுமந்த அளவுதான், பின்னாலிருந்து உதவி வர நேரமாகும். அந்த நிலையில் சிறப்புப் படை வீரர் நன்கு பயிற்சி பெற்ற காலாட்படை வீரர், அவ்வளவுதான். அதற்கு மூன்று ஆண்டுக்கு முன், 1984-இல், அமிர்தசரஸ் பொற்கோயிலிலும் 1 பாரா கமாண்டோவை எல்லாருக்கும் தெரிந்த வாயில் வழியாக நேராக அனுப்பிப் பெரும் இழப்பைச் சந்தித்தார்கள்.

யாழ்ப்பாணத்துக்கு அடுத்த ஆண்டே, 1988 நவம்பர் 3 அன்று மாலத்தீவில் நடந்தது வேறு வகை. புளொட் என்ற இலங்கைத் தமிழ் ஆயுதக் குழுவின் ஆட்கள் துணையோடு நடந்த ஆட்சிக் கவிழ்ப்பு முயற்சியை முறியடிக்க 50-ஆவது பாராசூட் பிரிகேட், முக்கியமாக 6 பாரா, ஆக்ராவிலிருந்து ஐஎல்-76 விமானங்களில் பறந்தது. ஹுல்ஹுலே விமான நிலையம் எதிரி கையில் இல்லை என்று தெரிந்ததால் குதிக்கவே இல்லை, ஓடுபாதையில் இறங்கினார்கள். இது சிறப்புப் படைப் பணி இல்லை, விரைந்து போய்ச் சேரும் வான்வழிப் படைப் பணி. ஒரே தொப்பிக்குள் இரண்டு தொழில் என்பதற்கு இதைவிட நல்ல விளக்கம் கிடைக்காது.

2000 ஜூலையில் சியரா லியோனின் கைலாஹுனில் 75 நாள் முற்றுகையில் கிடந்த, ஐ.நா. அமைதிப்படையில் இருந்த 5/8 கூர்க்கா ரைபிள்சின் இரண்டு கம்பெனிகளை மீட்டபோது 2 பாரா எஸ்எஃப் வீரர்கள் பிரிட்டிஷ் சினூக் ஹெலிகாப்டர்களில் போய் இறங்கினார்கள். அங்கே அவர்கள் தனியாக விடப்படவில்லை. வெளியிலிருந்து பெரும்படை வழி திறந்துகொண்டே வந்தது. 2015 ஜூன் 4 அன்று மணிப்பூரின் சந்தேலில் 6 டோக்ராவின் 18 வீரர்கள் இறந்த பதுங்குத் தாக்குதலுக்குப் பிறகு 21 பாரா மியான்மர் எல்லையில் நடத்திய நடவடிக்கையும், உரி தாக்குதலுக்குப் பின் 2016 செப்டம்பர் 28-29 இரவில் 4, 9 பாராக்கள் கட்டுப்பாட்டுக் கோட்டைத் தாண்டியதும் மறுபடி 1971 மாதிரிக்கே திரும்பின: இலக்கு, இருட்டு, விடியுமுன் திரும்புதல்.

அணிவதில் உள்ள விதி

கடையில் விற்கும் பலிதான் சின்னத்தை வாங்கிச் சட்டையில் குத்திக்கொள்வது விளையாட்டாகத் தோன்றலாம். ராணுவ வீரர் என்று பிறர் நம்ப வேண்டும் என்ற நோக்கத்தோடு ராணுவ உடையையோ சின்னத்தையோ அணிந்தால் அது குற்றம். முன்பு இந்திய தண்டனைச் சட்டத்தின் 140-ஆவது பிரிவு. இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவின் 168. மூன்று மாதம் வரை சிறை அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். பழைய சட்டத்தில் அபராதம் 500 ரூபாயாக இருந்தது. சட்டம் நோக்கத்தைப் பார்க்கிறது. நாடக மேடையில் அணிந்தவரை அது தேடி வராது. வேலை வாங்கித் தருகிறேன் என்று ஏமாற்ற அணிந்தவரைத் தேடி வரும்.

ராணுவத்துக்குள்ளும் ஒரு கட்டுப்பாடு வந்திருக்கிறது. 2023 ஆகஸ்ட் 1 முதல் பிரிகேடியரும் அதற்கு மேற்பட்டவர்களும் எந்த ரெஜிமென்ட்டிலிருந்து வந்திருந்தாலும் ஒரே மாதிரித் தொப்பி, ஒரே மாதிரிப் பதவிச் சின்னம், ஒரே மாதிரி பெல்ட், காலணி. பல பிரிவுகளைச் சேர்ந்த வீரர்களுக்குத் தலைமை தாங்குபவர் ஒரு ரெஜிமென்ட்டின் ஆளாகத் தெரியக் கூடாது என்பது காரணம். கர்னலாக இருந்தவரை அரக்கு நிறத் தொப்பியோடு அலுவலகம் வந்தவர், பிரிகேடியரான அன்று அதைக் கழற்றி வைத்துவிட்டு எல்லாரையும்போல வேறு தொப்பி போட்டு வருகிறார்.